வெள்ளிக்கிழமைக் கோழியும் புளித்த கோவாவும்

ஒரு வியாழக்கிழமை பின்னேரம் என் மனுசன் தானாக வாயைத் திறந்து ஒரு சாப்பாடு கேட்டார். இரண்டு மாதத்தில் அதுதான் முதல் தடவை. கேட்டதுதான் கேட்டார், ஒரு இடியப்பம், சொதி என்று கேட்டிருக்கக்கூடாதா? சூக்ருத் வேண்டுமாம்.

சூக்ருத் என்றால் உப்புப் போட்டுப் புளிக்க வைத்த கோவா, அதாவது முட்டைக்கோஸ். அவர் இருபத்தாறு வருடம் வேலை செய்த பிரெஞ்சு ரெஸ்தோரனில் அதைக் கோழியோடு சேர்த்துப் போறணை அடுப்பில் வேகவைத்துக் கொடுப்பார்கள். மிஞ்சியதைப் பெட்டியில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவருவார். ஊத்தைச் சப்பாத்து மணக்கிறது என்று நான் ஆளையும் பெட்டியையும் சேர்த்துப் பல்கனிக்குக் கலைத்துவிடுவேன். குளிருக்குள் நின்று தனியே சாப்பிட்டுவிட்டு வருவார். இப்போது நினைக்க எனக்கு வெட்கமாக இருக்கிறது.

வயிற்றுப் புற்றுநோய்க்கு மருந்து ஏற்றத் தொடங்கிய பிறகு அவருடைய நாக்குச் செத்துப்போனது. அது எனக்கு உடனே தெரியவில்லை. எதைக் கொடுத்தாலும் "நல்லாயிருக்கு" என்பார். சாப்பாட்டுக் கோப்பையும் வெறுமையாகத்தான் திரும்பி வரும். ஒருநாள் குப்பை கொட்டப்போன இடத்தில், நான் விடிய எழும்பி அவித்த புட்டும் மீன்குழம்பும் கடதாசியில் சுற்றிப் பைக்குள் அடியில் கிடந்தன. உப்பில்லாப் பண்டம் குப்பையிலே என்பார்கள். உப்பு, புளி, உறைப்பு எல்லாம் அளவாகப் போட்ட பண்டம் ஏன் குப்பைக்குப் போனது? எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"முப்பத்திரண்டு வருசம் திண்ட வாய்க்கு இப்ப என்ரை கை கசக்குதோ?" என்று கத்தினேன்.

"எல்லாம் மண் மாதிரிக் கிடக்கப்பா," என்றார். "நீர் கவலைப்படுவீர் எண்டுதான் சொல்லேல்லை."

குசினிக்குள் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுதேன்.

ஆள் மெலிந்துகொண்டே போனார். வருகிற திங்கட்கிழமை ஆஸ்பத்திரியில் நிறை பார்ப்பார்கள், இன்னும் குறைந்திருந்தால் அடுத்த மருந்தை ஏற்றமுடியாது என்று டொக்டர் சொல்லியிருந்தார். அந்த நிலையில்தான் சூக்ருத் கேட்டார்.

"நாளைக்கு வெள்ளி. சனிக்கிழமை செய்து தாறன்," என்றேன். எங்கள் வீட்டில் வெள்ளிக்கிழமை மீன், இறைச்சி என்று மச்சம் ஒன்றும் சமைப்பதில்லை. கலியாணம் கட்டி வந்த நாளிலிருந்து ஒரு வெள்ளிகூட நான் தவறியதில்லை. அவரும் "ஓம், ஓம், ஆறுதலாச் செய்யும்" என்றார். ஆனால் எனக்குத்தான் நித்திரை வரவில்லை. சனிக்கிழமை வரைக்கும் அந்த ஆசை இருக்கும் என்று யார் கண்டது? பிள்ளையாரே, நீயே பார்த்துக்கொள் என்று சொல்லிவிட்டுப் படுத்தேன்.

காலையில் ரூ பிலிப்-து-ஜிரார் தெருவில் உள்ள எங்கள் தமிழ் இறைச்சிக் கடைக்குப் போனேன். கோழிக்கால் என்று நான் சொல்லி முடிக்கமுன் கடைக்காரர் தோலைப் பிடித்து இழுத்துக் கத்தியையும் ஓங்கிவிட்டார். எங்கள் சனத்துக்குக் கோழி என்றால் தோலுரித்து, கறிக்குச் சின்னச் சின்னத் துண்டாக வெட்டுவதுதானே.

"அண்ணை, நில்லுங்கோ! வெட்டாதேங்கோ. தோலோட முழுக்காலாத் தாங்கோ."

"என்னக்கா, வெள்ளிக்கிழமையில கோழி? அதுவும் தோலோட?"

"அவருக்கு," என்றேன். அவருடைய நோய் விசயம் மனிதருக்கும் தெரியும். நல்ல கொழுத்த கால்களாக நாலைத் தெரிந்து சுற்றித் தந்தார்.

வீட்டில் போறணை ஒன்று இருக்கிறது, பெயருக்கு. அதற்குள் நான் தாச்சி, இடியப்பத் தட்டு எல்லாம் அடுக்கி வைத்திருக்கிறேன். அதையெல்லாம் இறக்கினேன். வெள்ளிக்கிழமைச் சட்டியில் மச்சம் படக்கூடாது என்று அலுமினியத் தட்டொன்றும் வாங்கி வந்திருந்தேன். சுப்பர்மார்க்கெட் கோவாப் பையை வெட்டியதும் அதே பழைய சப்பாத்து மணம் வந்தது. மூக்கைச் சுளித்துக்கொண்டு நின்றேன்.

அவர் சோபாவில் படுத்தபடியே சொல்லச் சொல்ல நான் செய்தேன்.

"கோவாவை ஒருக்காக் கழுவி வடிவாப் பிழியும். வெங்காயமும் கிழங்கும் அடியில. கோவா நடுவில. கோழி மேல, தோல் மேல பாக்க வேணும். பிறகு ஒரு கிளாஸ் வெள்ளை வைன்."

"கோழி காணாதெண்டு வைனுமோ? வெள்ளிக்கிழமை, கொஞ்சம் எண்டாலும் பயமில்லையோ உங்களுக்கு?"

"சரி, சரி, சுடுதண்ணி விடும்," என்று சிரித்தார். சிரித்த களைப்பிலேயே கண்ணயர்ந்துவிட்டார்.

மிச்சத்தை என் கைதான் செய்தது. கோழியைக் கண்டால் மஞ்சளும் உப்பும் பிரட்டிப் பழகிய கை. பிரட்டியது. கிழங்குக்கு ஒரு பிடி உப்பு, தண்ணீருக்கு ஒரு கிள்ளு. மற்ற நாளென்றால் கொஞ்சம் உள்ளங்கையில் விட்டு உப்புப் பார்ப்பேன். வெள்ளிக்கிழமை மச்சத்தை எப்படி நாக்கில் வைப்பது? பார்க்காமலே போறணைக்குள் தள்ளிவிட்டேன்.

ஒன்றேகால் மணித்தியாலம். எடுக்கும்போது தோல் மொறுமொறுவென்று சிவந்திருந்தது. கோவா மட்டும் மஞ்சள் மஞ்சளாகக் கிடந்தது. வீடு முழுக்கப் புளிப்பும் கோழி நெய்யும் மணத்தன. சத்தியமாகச் சொல்கிறேன், அது நல்ல மணம்.

கோப்பையில் போட்டுக் கொடுத்துவிட்டு எதிரே உட்கார்ந்தேன். அன்றைக்குக் கோப்பையோடு குப்பைப் பக்கம் அவரை அசையவிடுவதில்லை என்ற முடிவோடுதான் உட்கார்ந்தேன். முதல் வாயை வைத்தார். முகத்தை அஷ்டகோணலாக்கினார்.

"கோதாரி! என்னப்பா இது? கடலைக் கவிட்டு ஊத்தினனீரே? கோவாவே உப்புக்குள்ள ஊறினதெல்லோ!"

எனக்குக் கோபம் வந்துவிட்டது. "வெள்ளிக்கிழமை! நான் எப்பிடி உப்புப் பாக்கிறது? கேட்டீங்கள் எண்டு வீட்டு வழக்கத்தையும் விட்டுச் சமைச்சால்..." என்று தொடங்கியவள் பாதியில் நின்றுவிட்டேன்.

"இஞ்சருங்கோ, உப்புத் தெரியுதோ?"

அவர் திரும்ப ஒரு வாய் எடுத்து மெல்ல மென்றார்.

"ஓம்," என்றார். "புளியும் கொஞ்சம் தெரியுது."

எனக்கு நம்ப முடியவில்லை. என் மனம் குளிர வேண்டும் என்பதற்காக இரண்டு மாதம் "நல்லாயிருக்கு" என்று பொய் சொன்ன மனிதர். இதையும் அப்படிச் சொல்லமாட்டாரா? கை நீட்டி அவருடைய கோப்பையில் இருந்த கோவாவையும் கோழியையும் கிள்ளி என் வாயில் போட்டேன்.

"இஞ்சரும், வெள்ளிக்கிழமை!" என்று அவர் பதறினார்.

நான் மென்று விழுங்கினேன். வாயில் வைக்க ஏலாத உப்பு.