இசையில்லாத நான்கு நிமிடம்

படத்தில் வில்லன் துப்பாக்கியைத் தூக்கியாகிவிட்டது. வீட்டில் எல்லோரும் சோபாவின் நுனிக்கு வந்துவிட்டார்கள். கண்ணாடிக்கடை அக்கா மட்டும் கண்ணை இறுக மூடிக்கொண்டு, மடியில் இருக்கும் நோட்டில் பென்சிலால் ஏதோ கிறுக்கிக்கொண்டிருக்கிறார். பயத்தில் மூடிய கண் இல்லை அது. எந்தப் படத்தையும் முதல் முறை அவர் பார்ப்பதில்லை, கேட்பார். இரண்டாம் முறை சத்தத்தை நிறுத்திவிட்டுப் பார்ப்பார். மூன்றாம் முறைதான் நம்மைப் போல உட்காருவார். அதற்குள் பக்கத்தில் ஒருவரும் மிச்சம் இருக்கமாட்டார்கள்.

நோட்டில் இருப்பது அவரே உண்டாக்கிக்கொண்ட குறிகள். வயலினுக்கு வளைகோடு, புல்லாங்குழலுக்குச் சின்ன வட்டம், மேளங்களுக்குப் புள்ளி, எதுவும் ஒலிக்காத இடத்துக்கு வெற்றுக் கட்டம். ஓரத்தில் நிமிடமும் நொடியும். இப்படி இருபத்தாறு நோட்டுகள் சேர்ந்திருக்கின்றன. மாடி வீட்டில் குடியிருக்கும் நாத்தனார் ஒருமுறை அதில் ஒரு பக்கத்தைப் பூவேலை மாதிரி என்று நினைத்துத் தையற்காரரிடம் காட்டிவிட்டு வந்தாள். கழுத்துப் பக்கம் போட்டால் எடுப்பாக இருக்கும் என்று அவரும் அளவெடுத்துவிட்டாராம்.

பகலெல்லாம் அக்காவுக்குக் கண்ணாடிக்கடை. சோதனைச் சட்டத்தை வாடிக்கையாளரின் மூக்கில் மாட்டி, வில்லையை மாற்றி மாற்றிப் போட்டு, எது தெளிவு என்று கேட்பது வேலை. நடுவில், கடைசியாக என்ன படம் பார்த்தீர்கள் என்றும் கேட்பார். படம் நன்றாக இருந்தது, பின்னணி இசையைக் கவனிக்கவில்லை என்று யாராவது சொல்லிவிட்டால் போதும், கண்ணைவிடக் காதுதான் மோசம் என்பது போல ஒரு பார்வை பார்ப்பார். பிறகு பாடம் தொடங்கிவிடும். "பாட்ட எல்லாரும் கேப்பாங்க. ஒருத்தன் கதவத் தொறக்கறப்போ பின்னால ஒரு வயலின் இழுக்குதே, அத யாரு கேக்கறா? அந்த வயலின எடுத்துட்டா, அது வெறும் கதவு." பேசும் படம் வந்த புதிதில் வாத்தியக்காரர்கள் காமிராவுக்குத் தெரியாமல் ஒளிந்து உட்கார்ந்து வாசித்த கதையெல்லாம் வாடிக்கையாளர், பாவம், மூக்கில் சட்டத்தோடு கேட்டுக்கொண்டிருக்க வேண்டியதுதான்.

முறையாகச் சங்கீதம் படித்தவர் அல்ல. ஆனாலும் சினிமா இசையை ஆராய்கிறவர்கள் நடுவில் அவருக்கு ஒரு பெயர் உண்டு. அது ஒரே ஒரு காட்சியால் வந்த பெயர். ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படம். பன்னிரண்டு வருடம் கழித்து ஒரு மகள் ரயில்நிலையத்தில் அப்பாவைப் பார்க்கிறாள். நான்கு நிமிடம், ஒரு வார்த்தை கிடையாது. இசையும் கிடையாது. அந்தக் காலத்தில் ஒருவர் தும்மினால்கூடப் பின்னால் முப்பது வயலின் அழும். அப்படிப்பட்ட நாளில் அத்தனை வாத்தியங்களையும் வாயடைக்க வைத்த இசையமைப்பாளரின் துணிச்சலைப் பற்றி அக்கா பதினொரு வருடம் முன்பு ஒரு பத்திரிகையில் எழுதினார். பிறகு ஆளாளுக்கு அவருடைய வீடியோ டேப்பை வாங்கிப் பார்த்து அதைப் பற்றி எழுதினார்கள். கல்லூரி இசைத்துறைத் தலைவி தன் புத்தகத்தில் பன்னிரண்டு பக்கம் அதற்கே ஒதுக்கினார்.

ரயில் சத்தத்தைக்கூட நிறுத்திவிட்டார் பார்த்தீர்களா என்று அக்கா உருகி உருகி எழுதியதைப் படித்துவிட்டு, நாத்தனார் மட்டும் அன்றைக்கே கேட்டாள், ரயில்கூடவா அண்ணி சத்தம் போடாமல் வரும் என்று. உனக்குக் கலை தெரியாது என்று அவளை மாடிக்கு அனுப்பிவிட்டார்.

அக்கா அந்த மௌனத்தை நம்பியதற்கு வேறு காரணமும் உண்டு. கல்யாண விஷயத்தில் கோபித்துக்கொண்டு வருடக்கணக்கில் பேசாமல் இருந்த அவருடைய அப்பா, ஒரு நாள் கண்ணாடி மாற்ற வேண்டும் என்று கடைக்கு வந்து நின்றார். இருவரும் எதுவும் பேசவில்லை. வில்லையைப் போட்டுப் பார்த்தார்கள், தலையாட்டினார்கள், அவ்வளவுதான். அந்தப் படத்தைப் பார்க்கும்போதெல்லாம் தன் கடையைத்தான் பார்ப்பதாக அக்காவுக்குத் தோன்றும்.

இந்த வருடம் இசைத்துறை அவரைக் கருத்தரங்கில் பேச அழைத்தது. அந்த மேடையில் பட்டம் இல்லாமல் ஏறப்போகிற முதல் ஆள் அக்காதான். பேச்சு சனிக்கிழமை. புதன்கிழமை, பழைய படச்சுருள்களைப் பாதுகாக்கும் கிடங்கின் பொறுப்பாளர் கூப்பிட்டார். அதே படத்தின் நல்ல பிரதி ஒன்றைச் சுத்தம் செய்து முடித்திருக்கிறார்களாம், மேடையில் காட்ட உதவும், வந்து கேளுங்கள் என்றார். அக்கா நாத்தனாரையும் கூட்டிக்கொண்டு, புதுச் செருப்புப் போட்டுக்கொண்டு போனார்.

ஹெட்போனைக் காதில் மாட்டியதும் முதலில் ரயில் வந்தது, நன்றாகப் பெரிதாகக் கூவிக்கொண்டு. அதன் பின்னால் வயலின்கள் ஒரு பட்டாளமாக வந்தன. பிறகு டிரம்பெட். மகள் ஓடத் தொடங்கியதும் ஜால்ரா. நான்கு நிமிடமும் ஒரு நொடி இடைவெளி இல்லை. அக்கா காதிலிருந்து கழற்றி, வேறு படத்தின் சத்தம் இதில் கலந்துவிட்டதா என்று கேட்டார். கிடங்குக்காரருக்கு அவர் மனம் நோகாமல் எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. "மேடம், சத்தம் ஃபிலிமோட ஓரத்துல ஒரு கோடா ஓடும். உங்க டேப் எந்தப் பிரதியிலருந்து எடுத்ததோ, அதுல அந்த எடம் தேஞ்சு போயிருக்கு. அவ்வளவுதான்."

கடையை மூடிக்கொண்டிருந்த வீடியோக்காரரிடம் பாதி விலைக்கு வாங்கிய டேப் அது. பதினொரு வருடப் புகழும் ஒரு தேய்ந்த ஓரத்தில் தொங்கிக்கொண்டிருந்திருக்கிறது.

வீடு வரும்வரை நாத்தனார் கேலியாக ஒரு வார்த்தை சொல்லவில்லை. அதுதான் அக்காவை இன்னும் சுட்டது. சிரித்துத் தொலையேன் என்று அவரே கேட்டார். சிரிப்பு வரவில்லை அண்ணி என்றாள் அவள். பேருந்துப் பணிமனையில் நேரக்காப்பாளராக இருக்கும் அக்காவின் கணவர் நடைமுறை தெரிந்தவர். பழைய டேப்பையே போட்டுப் பேசிவிட்டு வா, கிடங்குக்காரர் யாரிடமும் சொல்லப்போவதில்லை, வேண்டுமானால் அடுத்த வருடம் மெதுவாகத் திருத்திக்கொள் என்றார். அக்காவுக்கும் ஆசையாகத்தான் இருந்தது. இரண்டு நாள் கடையில் வில்லைகளை மாற்றி மாற்றிப் போட்டதில், ஒரு பெரியவர் தனக்கு இல்லாத கிட்டப்பார்வைக்குக் கண்ணாடி போட்டுக்கொண்டு போய்த் திரும்பி வந்தார். வெள்ளிக்கிழமை சாயங்காலம் அக்கா மாடிக்குப் போய் நாத்தனாரிடம் சொன்னார். "தெளிவா தெரியுதான்னு ஊரையெல்லாம் கேக்கறேன். எனக்குத் தெளிவா தெரிஞ்சத நானே மறைச்சா எப்படி?"

சனிக்கிழமை அரங்கம் நிறைந்திருந்தது. அக்கா முதலில் பழைய டேப்பை ஓடவிட்டார். நான்கு நிமிடமும் ஒருவரும் நாற்காலியில் அசையவில்லை. பின்வரிசையில் யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். பிறகு அவர் ஒலிவாங்கியைக் கிட்டே இழுத்துக்கொண்டார்.

"இதப் பத்தி பதினோரு வருஷமா நான் எழுதினது எல்லாம் தப்பு. இசையமைப்பாளர் இங்க சும்மா இருக்கல. என் டேப்தான் கெட்டுப்போயிருக்கு. நீங்களே கேளுங்க."

கிடங்குப் பிரதி ஓடத் தொடங்கியது. ரயில் கூவியதும் முதலில் சிரித்தது அக்காதான். டிரம்பெட் வந்தபோது அரங்கமே சிரித்தது. முன்வரிசையில் பன்னிரண்டு பக்கம் எழுதிய தலைவி இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார். அழுகிறாரோ என்று அக்காவுக்கு ஒரு கணம் பக்கென்றது. பார்த்தால் அவர் தோள்கள் குலுங்கிக் குலுங்கிச் சிரிக்கின்றன. நாத்தனாருக்கும் புதன்கிழமை வராத சிரிப்பு வட்டியும் முதலுமாக வந்துவிட்டது. பதினொரு வருடம் சுமந்ததை இறக்கி வைத்த தோளோடு, அக்கா மேடையில் லேசாக நின்றார்.

படத்தை நிறுத்தச் சொல்லாமலே கேள்விகள் தொடங்கின. கண்ணாடி போட்ட ஒருவர் எழுந்து, அப்படியானால் நாம் அத்தனை பேரும் உணர்ந்த அந்த மௌனம் யாருடையது என்று நீட்டி முழக்கிக் கேட்டார். அக்கா பதில் சொல்ல வாயெடுத்தார். மூன்றாவது நிமிடம் ஓடிக்கொண்டிருந்தது. திரையில் அப்பா காலை இழுத்து இழுத்து நடந்து வருகிறார். அத்தனை வயலின்களுக்கும் அடியில் கனத்த குரல் கொண்ட ஒரே ஒரு செல்லோ, தாளத்தில் மற்றவர்களுக்கு அரை அடி பின்னால், அந்தக் காலோடு சேர்ந்து நொண்டிக்கொண்டு வருகிறது. தெரிந்து எழுதியதா, வாசித்தவர் தடுமாறியதா, சொல்ல முடியவில்லை. புதன்கிழமை வந்த கோபத்தில் அது அக்காவின் காதிலேயே விழவில்லை.

கேள்வி கேட்டவர் நின்றுகொண்டே இருந்தார். அக்கா அவர் பக்கம் திரும்பவில்லை. அரங்கின் கடைசியில் ஒலிப்பெட்டிக்கு முன்னால் உட்கார்ந்திருந்தவரைப் பார்த்து உள்ளங்கையை மேலே தூக்கினார். அவர் சத்தத்தைக் கொஞ்சம் கூட்டினார். போதாது என்று அக்கா கையை இன்னும் உயர்த்தினார்.