சுவரில் நெருக்கி வைத்த இருபத்தொரு கட்டைகள்

என் வீட்டுக்காரர் இரண்டு வருடம் என்னிடம் பொய் சொன்னார். ஒரு வார்த்தை பேசாமல், சிமென்ட்டும் கரண்டியும் வைத்துக்கொண்டு சொன்னார். போன வருடம் ஆடி மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, விருத்தாசலத்தில் எங்கள் வீட்டுக் காம்பவுண்டு சுவரில் அதை நான் கண்டுபிடித்தேன். நடந்ததை நடந்தபடி இந்தப் பத்திரிகைக்கு எழுதுகிறேன். எனக்குப் பூசி மெழுகத் தெரியாது.

நாங்கள் இரண்டு பேரும் செராமிக் தொழிற்பேட்டையில் ஒரே கம்பெனியில் வேலை பார்க்கிறோம். மின்சாரக் கம்பிகளைத் தாங்குகிற சின்னச் சின்னப் பீங்கான் கட்டைகள் செய்யும் கம்பெனி. அவர் அச்சு செய்கிறவர். நான் அச்சிலிருந்து வெளியே வரும் ஈரக் கட்டைகளில் பிசிறு சீவுகிறவள். ஒரு கட்டை நூலளவு கோணினாலும் என் கண்ணுக்குத் தெரிந்துவிடும். இருபது வருடமாக இதே வேலைதான்.

நான்கைந்து வருடத்துக்கு முன்னால் ஊருக்கு வெளியே மூன்று சென்ட் மனையில் வீடு கட்ட வங்கியில் கடன் வாங்கினோம். பன்னிரண்டு லட்சம். இருபது வருடம். மாதம் 9,304 ரூபாய். பெண் பெயரில் வாங்கினால் வட்டி கொஞ்சம் குறையும் என்றார்கள். அதனால் என் பெயர் முதலில், அவர் பெயர் இரண்டாவது. மொத்தமாக இருபத்திரண்டு லட்சத்துச் சொச்சம் கட்ட வேண்டியிருக்கும் என்று அவர் கணக்குப் போட்டுச் சொன்னார். 'வாடகையா குடுக்குற காசுதானே, போவட்டும்' என்றேன். வட்டி ஏறி இறங்கும் என்று காகிதத்தில் எழுதியிருந்தது. அப்போது ஏழு சதவீதம். இறங்குவது பற்றியும் ஏறுவது பற்றியும் நாங்கள் யோசிக்கவே இல்லை.

எங்கள் பக்கம் காம்பவுண்டு சுவர் மேல் கண்ணாடிச் சில்லு பதிப்பார்கள். அவருக்கு அது பிடிக்கவில்லை. சூளையில் வெந்து கோணிப்போன கட்டைகளைக் கம்பெனியில் மூலையில் கொட்டி வைத்திருப்பார்கள். முதலாளியைக் கேட்டு ஒரு மூட்டை கொண்டுவந்தார். ஒவ்வொரு மாதமும் கடன் கட்டிய பிறகு வரும் ஞாயிற்றுக்கிழமை, கைப்பிடி சிமென்ட் குழைத்துச் சுவர் மேல் ஒரே ஒரு கட்டை வைப்பார். சுவர் எண்பது அடி. நான்கு அங்குலத்துக்கு ஒன்று என்று வைத்தால் சரியாக இருநூற்று நாற்பது கட்டை. கேட்டில் ஆரம்பித்து, பின்பக்கத் தூணில் முடியும். கடைசிக் கட்டை வைக்கிற அன்றைக்கு வீடு எங்களுடையது. தெருவில் எல்லோரும் சிரித்தார்கள். எனக்கு மட்டும் அது ரொம்பப் பிடித்திருந்தது. அவரிடம் சொல்லவில்லை. சொன்னால் தலைக்கு ஏறிவிடும்.

இருபத்து நான்காவது கட்டை வைத்த மாதம் வங்கியிலிருந்து ஒரு கடிதம் வந்தது. வட்டி ஏறிவிட்டது, ஒன்பது சதவீதம் ஆகிவிட்டது, கிளைக்கு வந்து எப்படிக் கட்டப் போகிறீர்கள் என்று எழுதிக் கொடுங்கள் என்று அதில் இருந்தது. அவருக்கு அன்றைக்கு வேலை. நான் அரை நாள் லீவு போட்டுவிட்டுப் போனேன்.

அங்கே இருந்த அதிகாரி, மாதத் தொகை ஆயிரத்து முன்னூற்று எண்பது ரூபாய் கூடும் என்றார். கிளையே திரும்பிப் பார்க்கிற மாதிரி கத்தினேன். "நாங்க மண்ணுல உழைச்சி கட்றோம் சார். ஒத்த ரூபா ஏத்தக் கூடாது. ஏத்துனா இங்கயே ஒக்காந்துக்குவேன்."

அந்த அதிகாரி என் கணக்கைத் திறந்து பார்த்தார். "தொகை ஏறக் கூடாதுன்னா காலம் நீளுங்கம்மா, பரவாயில்லையா?" என்று கேட்டார். ஆமாம், கேட்டார். அது என் காதில் விழுந்தது. நாலைந்து மாதம் நீளும் என்று நினைத்துக்கொண்டேன். "நீண்டா நீளட்டும்" என்றேன். ஒரு காகிதத்தை நீட்டினார். கையெழுத்துப் போட்டேன்.

வீட்டுக்கு வரும்போது பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் ஒரு கிலோ லட்டு வாங்கினேன். தெருவில் வீடு வீடாகக் கொடுத்தேன். வங்கிக்காரனை மடக்கி வட்டியை நிறுத்திவிட்டு வந்தேன் என்று சொன்னேன். பக்கத்து வீட்டு அக்கா, "ஒன்ன மாரி ஒரு பொம்பள எங்க வூட்டுலயும் இருந்தா நாங்களும் உருப்பட்டிருப்போம்" என்றார். என் வீட்டுக்காரரும் ஒரு லட்டைத் தின்றுவிட்டு, "பலே ஆளுதான்டி நீ" என்றார். கம்பெனியிலும் ஒரு வாரம் அதே பேச்சு.

அதற்கப்புறம் இரண்டு வருடம் ஒன்றும் தெரியவில்லை. மாதம் 9,304 போய்க்கொண்டிருந்தது. கட்டையும் ஏறிக்கொண்டிருந்தது.

அந்த ஆடி ஞாயிற்றுக்கிழமை நல்ல காற்று. கொடியில் போட்டிருந்த புடவை பறந்து சுவர் மேல் கட்டைகளில் மாட்டிக்கொண்டது. எடுக்கப் போனபோதுதான் பார்த்தேன். கேட்டிலிருந்து ஒரு தூரம் வரைக்கும் கட்டைகள் ஒரே இடைவெளியில் நின்றன. அதற்குப் பிறகு ஒன்றையொன்று நெருக்கிக்கொண்டு நின்றன. தினம் அந்தப் பக்கமாகத்தான் போய் வருகிறேன். நூலளவு பிசிறைக் கண்டுபிடிக்கிறவள் இதை எப்படிக் கவனிக்காமல் விட்டேன் என்று இன்றைக்கும் தெரியவில்லை. கம்பெனியில்தான் கண் வேலை செய்கிறது போலிருக்கிறது.

அவர் அப்போதுதான் நாற்பத்தெட்டாவது கட்டையை வைத்துவிட்டுக் கரண்டியைக் கழுவிக்கொண்டிருந்தார்.

"யோவ், கண்ணு அவிஞ்சி போச்சா? என்னா இப்பிடி ஒட்ட ஒட்ட வச்சிருக்க?"

"நெருக்கமா இருந்தா பூன ஏறாது."

"கட்டைக்குப் பயந்து எந்தப் பூனய்யா நின்னுச்சி?"

அவர் கரண்டியையே கழுவிக்கொண்டிருந்தார். சுத்தமான கரண்டியை ஒருத்தர் அவ்வளவு நேரம் கழுவினால் ஏதோ இருக்கிறது என்று அர்த்தம்.

நான் டேப்பை எடுத்து வந்து அளந்தேன். முதல் இருபத்தேழு கட்டை நான்கு அங்குலத்துக்கு ஒன்று. அப்புறம் இருபத்தொரு கட்டை இரண்டரை அங்குலத்துக்கு ஒன்று. அளந்துகொண்டே போனபோது சுவரின் உள்பக்கம், பூச்சில் ஆணியால் கீறிய சின்னக் கோடுகள் தெரிந்தன. அச்சு செய்கிறவர் எதையும் குறி போடாமல் செய்ய மாட்டார். கோடுகளைப் பிடித்துக்கொண்டே முருங்கை மரத்தைத் தாண்டிப் பின்பக்கத் தூண் வரைக்கும் போனேன். கடைசிக் கோட்டுக்குப் பக்கத்தில் 361 என்று கீறியிருந்தது.

இருநூற்று நாற்பது இருக்க வேண்டிய இடம் அது.

"என்னாய்யா இது முன்னூத்தி அறுவத்தி ஒண்ணு?"

"அது அச்சு நம்பரு."

அப்படி ஒரு அச்சு நம்பர் எங்கள் கம்பெனியில் கிடையாது. இரண்டு பேருக்கும் அது தெரியும். அன்றைக்கு நான் சமைக்கவில்லை.

திங்கட்கிழமை காலையில் வங்கி திறக்கும்போதே வாசலில் நின்றேன். மாதத்தைக் கூட்டி எழுதி வங்கிக்காரர்கள் என்னை ஏமாற்றிவிட்டார்கள் என்று எனக்கு உறுதியாகத் தெரியும். என்னென்ன கேட்க வேண்டும் என்று வழியெல்லாம் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன். பழைய அதிகாரி மாற்றலாகிப் போயிருந்தார். புதிதாக ஒரு சின்னப் பெண் உட்கார்ந்திருந்தாள். நான் கத்தி முடிக்கிற வரைக்கும் பொறுமையாகக் கேட்டாள். அப்புறம் கம்ப்யூட்டரை என் பக்கம் திருப்பினாள்.

"இதுவரைக்கும் நீங்க கட்டுனது நாலு லட்சத்து நாப்பத்தாறாயிரம் மேடம். அசல்ல கழிஞ்சது எழுபத்தெட்டாயிரம். மிச்சம் எல்லாம் வட்டிக்குப் போயிருக்கு. இன்னும் முன்னூத்தி பதிமூணு மாசம் இருக்கு."

"இருபது வருஷம்னுதானம்மா குடுத்தீங்க?"

"ஆமாங்க மேடம். வட்டி ஏறுனப்ப தொகை ஏற வேணாம், காலத்த நீட்டுங்கன்னு நீங்க எழுதிக் குடுத்திருக்கீங்க. அதுல பத்து வருஷம் கூடிப் போச்சு."

அந்தக் காகிதத்தைக் காட்டினாள். என் கையெழுத்துதான். கோபத்தில் அழுத்திப் போட்டதில் பேனா காகிதத்தைக் கிழித்திருந்தது. அதற்கு மேல் யாரைத் திட்டுவது?

அந்தப் பெண் ஒரு தாளில் எழுதிக் காட்டினாள். அன்றைக்கே மாதம் ஆயிரத்து முன்னூற்று எண்பது சேர்த்துக் கட்டியிருந்தால், கடன் முடிகிற வரைக்கும் எனக்குக் கூடுதல் செலவு மூன்று லட்சம். கட்ட மாட்டேன் என்று சண்டை போட்டு ஜெயித்ததற்குக் கூடுதல் செலவு பதினொன்றே கால் லட்சம். நாங்கள் வாங்கின கடனே பன்னிரண்டு லட்சம்தான். இன்னொரு வீட்டுக்கான கடனைத் தலையில் ஏற்றிக்கொண்டு வந்துதான் தெருவுக்கு லட்டு கொடுத்திருக்கிறேன்.

எங்கள் வேலையில் ஒன்று உண்டு. மண் காயும்போதும் சுருங்கும், சூளையில் வேகும்போதும் சுருங்கும். அதனால் அச்சில் இருக்கிற அளவை யாரும் நம்ப மாட்டோம். சூளையிலிருந்து வெளியே வந்த பிறகு என்ன அளவு என்பதுதான் கணக்கு. நேற்று வேலைக்குச் சேர்ந்தவர்களுக்குக்கூட இது தெரியும். எனக்கு இருபது வருடமாகத் தெரியும். தெரிந்தும் 9,304 என்ற ஒரு எண்ணை மட்டும் பிடித்துக்கொண்டு நின்றேன். இருபது வருடம் வெந்து வெளியே வரும்போது அது என்னவாக இருக்கும் என்று பார்க்கவில்லை.

நேராகக் கம்பெனிக்குப் போனேன். அவர் அச்சைக் கவிழ்த்துக்கொண்டிருந்தார். என் முகத்தைப் பார்த்ததும் அவருக்குத் தெரிந்துவிட்டது. தண்ணீர்த் தொட்டிப் பக்கம் கூட்டிக்கொண்டு போய் எல்லாவற்றையும் சொன்னார். நான் கையெழுத்துப் போட்டு மூன்று மாதம் கழித்துத் தபாலில் கடன் கணக்கு வந்திருக்கிறது. அதை எடுத்துக்கொண்டு போய்க் கம்பெனிக் கணக்கரிடம் கேட்டிருக்கிறார். கணக்கர் முழுவதையும் விளக்கியிருக்கிறார். அந்த ஞாயிற்றுக்கிழமைதான் ஆணியை எடுத்துச் சுவரை மறுபடி அளந்திருக்கிறார்.

"தெரிஞ்சிகிட்டே ஏன்யா சொல்லல?"

"நீ தெரு முழுக்க லட்டு குடுத்துட்ட. நான் எப்பிடிச் சொல்லுவேன்?"

"லட்டுக்காவ பத்து வருஷமா? முடியிறப்ப ஒனக்கு அறுவத்தெட்டு வயசுய்யா. அது வரைக்கும் அச்சு தூக்குவியா?"

"தூக்குவேன்."

எனக்கு அழுகை வந்துவிட்டது. அடிக்கவும் தோன்றியது. ஈர மண்ணோடு இருந்த அவர் கையை அவர் சட்டையிலேயே துடைத்துவிட்டு, லீவு எழுதிக் கொடுக்கச் சொல்லி அவரை இழுத்துக்கொண்டு மறுபடி வங்கிக்குப் போனேன்.

முதலில் சொன்ன இருபது வருடத்துக்குள்ளேயே முடிக்க வேண்டுமானால் இப்போது எவ்வளவு ஏற்ற வேண்டும் என்று அந்தப் பெண்ணிடம் கேட்டோம். ஆயிரத்து எழுநூற்று முப்பத்தைந்து என்றாள். இரண்டு வருடத்துக்கு முன்னால் ஆயிரத்து முன்னூற்று எண்பதில் முடிந்திருக்கும். அவர் வாயைத் திறந்து சொல்லாததற்கு அந்த வித்தியாசம் அபராதம். நகைக்கடையில் ஒரு சங்கிலிக்காக மாதம் ஆயிரத்து ஐந்நூறு சீட்டுக் கட்டிக்கொண்டிருந்தேன். அதை அந்த மாதத்தோடு நிறுத்தினேன். இந்தத் தடவை கையெழுத்துப் போடுவதற்கு முன்னால் எத்தனை மாதம், மொத்தம் எவ்வளவு என்று இரண்டையும் எழுதி வாங்கிக்கொண்டேன். வட்டி மறுபடி ஏறினாலும் இறங்கினாலும் முதலில் அந்த இரண்டு எண்ணைத்தான் கேட்பேன்.

அன்று சாயங்காலம் பக்கத்து வீட்டு அக்காவிடம் போய் உண்மையைச் சொன்னேன். "அப்ப அந்த லட்டத் திருப்பித் தரணுமா?" என்றார். அவர் சிரித்தார், நானும் சிரித்துவிட்டேன்.

நெருக்கி வைத்த இருபத்தொரு கட்டைகளையும் உடைத்து எடுத்துவிடுகிறேன் என்று அவர் உளியோடு வந்தார். கை வைத்தால் தெரியும் என்றேன். அவை அப்படியே இருக்கின்றன. அதற்கு அடுத்த கட்டையிலிருந்து மறுபடி நான்கு அங்குலத்துக்கு மேல் இடைவெளி விட்டு வைக்கிறோம். சிமென்ட்டை இப்போது நான் குழைக்கிறேன். வீட்டுக்கு வருகிறவர்கள், இந்த இடத்தில் மட்டும் ஏன் இப்படி நெருக்கமாக இருக்கிறது என்று கேட்கிறார்கள். அவர் பூனை என்கிறார். நான் உண்மையைச் சொல்கிறேன்.

ஒவ்வொரு தடவை நெருக்கமான அந்த நாலரை அடிச் சுவரைக் கடக்கும்போதும் எனக்கு ஒன்றுதான் தோன்றுகிறது. கடன் எவ்வளவு என்று நான் மாதத் தொகையில் பார்த்தேன். அந்த மனுஷன் தன் வயதில் பத்து வருடத்தை எடுத்து, எனக்குத் தெரியாமல், என் பெருமை கெடாமல் சுவரில் வைத்துக்கொண்டிருந்தார். அப்படி ஒரு அன்பு எனக்கு வேண்டாம். திட்டினாலும் தாங்கிக்கொள்வேன்.

அவர் முடி வெட்டிக்கொள்ளும் சலூனில் இந்தப் பத்திரிகை வாங்குகிறார்கள். அதனால் இங்கேயே கேட்கிறேன். ஏன்யா, பொண்டாட்டியிடம் கெட்ட சேதி சொல்ல ஒரு ஆம்பளைக்கு இரண்டு வருடம் போதாதா? பூனை, அச்சு நம்பர் என்று என்னிடம் மழுப்பின மாதிரி மழுப்பாமல், இதே பக்கத்தில், எல்லோரும் படிக்கும்படி பதில் எழுது.