பெயரில்லாமல் வந்த லேபிள்கள்

இன்று காலை என் மடிக்கணினி தன்னைப் புதுப்பித்துக்கொண்டிருந்தது. திரையில் ஓடிய பெயர்களுக்கு நடுவே ஒன்றைப் பார்த்ததும் காப்பியைக் கீழே வைத்துவிட்டேன். டிஸ்க்கில் கோப்புகள் எங்கே, எப்படி அடுக்கப்பட்டிருக்கின்றன என்று படிக்கத் தெரிந்த நிரல் நூலகம் அது. நாம் எழுதும் நிரலுக்குள் அதைக் கூப்பிட்டுக்கொண்டால், டிஸ்க்கைத் துழாவுகிற வேலையை அது பார்த்துக்கொள்ளும். இத்தனை வருடம் கழித்தும் யாரோ உட்கார்ந்து அதற்குத் திருத்தம் எழுதுகிறார்கள். பழைய சிநேகிதரை பஸ் ஸ்டாண்டில் பார்த்த மாதிரி இருந்தது.

அந்த நூலகத்தோடு என் பழக்கம் சிவகாசியில், ஓர் அச்சகத்தின் கம்ப்யூட்டர் அறையில் தொடங்கியது. மையும் மண்ணெண்ணெயும் கலந்த வாசனை சட்டையில் ஏறிவிடும். விருதுநகர் பஸ்ஸில் பக்கத்தில் உட்காருபவர் என் வேலையை மோந்தே சொல்லிவிடுவார். கம்ப்யூட்டர் படித்தவன் என்றுதான் என்னை எடுத்தார்கள். பிரிண்டரில் சிக்கிய தாளை உருவுவதில் நல்ல பெயர் வாங்கினேன்.

பட்டாசுப் பெட்டிகளுக்கு லேபிள் வரைந்தவள் பேச்சியம்மாள், நாரணாபுரத்துப் பெண். அவள் அம்மா பட்டாசு ஆலையில் வெடிகளைப் பெட்டியில் அடைப்பவர். அந்த சீசனில் அதே ஆலையின் ஆர்டர் முழுவதும் பேச்சியம்மாள் கைக்கு வந்திருந்தது.

"எம் படம் போட்ட பெட்டியத்தான் இந்தத் தீவாளிக்கு எங்கம்மா அடைக்கப்போகுது" என்று எல்லோரிடமும் சொல்லிவைத்திருந்தாள். அம்மாவிடம் மட்டும் சொல்லவில்லை.

ஒரு மத்தியானம் இடி இடித்து கரண்ட் போனது. திரும்பி வந்தபோது, பேச்சியம்மாள் வரைந்த லேபிள்களெல்லாம் இருந்த டிஸ்க் திறக்கவில்லை. 'ஃபார்மட் செய்யவா?' என்று திரை கேட்டது. நகல் எடுத்துவைக்கும் நல்ல பழக்கம் எங்களில் ஒருவருக்கும் கிடையாது. பழுது பார்க்க வந்தவர், அழித்துவிட்டு முதலிலிருந்து வரையச் சொன்னார்.

"வெள்ளிக்கிழம லோடு போகணும். இல்லேன்னா வேற பிரஸ்ஸுக்குக் குடுத்துருவாக" என்றார் முதலாளி.

பேச்சியம்மாள் மவுஸைக் கையால் பொத்திக்கொண்டாள். "அண்ணே, அதத் தொட விட்றாதீக. உங்க படிப்புல இதுக்கு ஒரு வழி இல்லாமயா இருக்கும்?"

கம்ப்யூட்டர் பத்திரிகையோடு இலவசமாக வந்த குறுந்தகட்டில் அந்த நூலகம் இருந்தது. படிக்க மட்டும் சொன்னால், டிஸ்க்கில் எதையும் மாற்றாது. படம் போலத் தெரிவதையெல்லாம் வேறு டிஸ்க்குக்கு நகலெடுக்கும்படி ஒரு சின்ன நிரல் எழுதினேன். வந்ததெல்லாம் பிழைச் செய்திகள். வேறு வழியில்லாமல் நூலகத்தின் கோப்புகளைத் திறந்து, எழுதியவர்கள் இடையிடையே போட்டிருந்த குறிப்புகளைப் படித்தேன். டிஸ்க்கின் தொடக்கப் பகுதி கெட்டால், அதன் நகல் டிஸ்க்கிலேயே வேறோர் இடத்தில் இருக்கும், அங்கிருந்தும் தொடங்கலாம் என்றது ஒரு குறிப்பு. ஒரு வரியை மாற்றினேன். டிஸ்க் கிர்ரென்று சுற்ற ஆரம்பித்தது.

படங்கள் வந்தன. பெயர்கள் இருந்த பகுதி போய்விட்டதால் வெறும் எண்களாக, பழைய காலண்டர், கல்யாணப் பத்திரிகை எல்லாவற்றோடும் கலந்து வந்தன. பேச்சியம்மாள் ஒவ்வொன்றாகத் திறந்து பெயர் வைத்தாள்.

"இது சங்குசக்கரம். இது புஸ்வாணம். இது நான் வேண்டாம்னு போட்டது. இப்பப் பாத்தா நல்லாத்தான்ணே இருக்கு."

ஒரு மத்தாப்புப் படம் மட்டும் கீழ்ப்பாதி சாம்பலாக வந்தது. "மேல இருக்குல்ல, போதும்" என்று மீதியை வரைய உட்கார்ந்தாள். வெள்ளிக்கிழமை லோடு போனது.

சில வாரம் கழித்து, யார் மூலமோ விஷயம் தெரிந்து, அவள் அம்மா அச்சகத்துக்கே வந்துவிட்டார், மடித்த காலிப் பெட்டி ஒன்றோடு.

"ஏட்டி, ஓரத்துல ஒம் பேரப் போட்டா என்ன? ஷெட்டுல நம்ப மாட்டேங்காளுக!"

பேச்சியம்மாள் இன்று விருதுநகரில் சொந்தமாக டிசைன் கடை வைத்திருக்கிறாள். அங்கே வேலை பார்க்கும் பெண்களுக்கு அந்தக் காலத்து டிஸ்க் சத்தம் போடும் என்பதே தெரியாது. அந்த அச்சகம் குடோனாகிவிட்டது. மண்ணெண்ணெய் வாசனையும் இல்லை. போன மாதம் பேச்சியம்மாள் கடைக்குப் போயிருந்தபோது அவள் அம்மா டீ கொண்டுவந்து கொடுத்தார். ஆலைக்குப் போவதை நிறுத்திவிட்டாராம். அந்த நாளில் எம்புட்டுத் தேய்த்துக் கழுவினாலும் அவர் நகக்கண்ணை விட்டுப் போகாத பட்டாசு மருந்தின் வெள்ளிப்பொடியை இப்போது காணோம். விரல்களில் மருதாணி சிவந்திருந்தது.