நாக்கில் வைக்காத சாஸ்

எங்கள் வீட்டில் படையலுக்குச் சமைக்கும் எதையும் ருசி பார்க்கக் கூடாது. உப்பு சரியா, காரம் தூக்கலா என்று கரண்டியை உள்ளங்கையில் தட்டி நக்கிப் பார்க்கிற பேச்சே கிடையாது. போய்ச் சேர்ந்தவர்களுக்கு முதலில் வைத்துவிட்டுத்தான் இருப்பவர்கள் வாயில் வைக்க வேண்டும். ஆட்டுக்கறிப் பிரட்டல், மீன் பொரியல் என்றால் பரவாயில்லை. அம்மாவின் கை பழகிய கை, கண்ணை மூடிக்கொண்டு போடும். ஆனால் அப்பாவின் முதல் வருஷப் படையலுக்கு அம்மா முடிவு செய்தது வாத்து. சீனக் கடைகளில் முழுசாக வாட்டிக் கொக்கியில் தொங்கவிட்டிருப்பார்களே, வெட்டிப் பழ சாஸ் ஊற்றித் தருவார்களே, அந்த வாத்து. எங்கள் ஊர் ரெம்பியாவில், எங்கள் வீட்டு அடுப்படி அதுவரை ஒரு வாத்தின் முகத்தைக்கூடப் பார்த்ததில்லை.

ஏன் வாத்து என்று சொல்லிவிடுகிறேன். அப்பா செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டியவர். சுங்கை ரம்பாய்ப் பக்கத்துத் தோட்டங்களில் குலை ஏற்றிக்கொண்டு எண்ணெய் ஆலைக்குப் போகிற வழியில் ஒரு சீனர் கடை. அங்கே வாத்து அவருக்கு ஒரு சாக்குத்தான், விஷயம் சாஸ். சோற்றில் ஊற்றிப் பிசைவார், கறியை முக்கித் தின்பார், கடைசியில் தட்டைச் சாய்த்து மிச்சத்தைக் குடித்தும் விடுவார். கடைக்காரர் அப்பாவைப் பார்த்ததும் சாஸுக்குத் தனிக் கோப்பை எடுத்து வைப்பாராம். இதைப் பெருமையாக வேறு சொல்லிக்கொள்வார்.

பிறகு இனிப்பு நீர் வியாதி வந்தது. கிளினிக்கில் டாக்டர் ஒரு வார்த்தை சொன்னார், அம்மா அதை ஊர்ச் சட்டமாக்கிவிட்டாள். வீட்டில் சீனி கிடையாது. அவருக்கு மட்டுமா, இனிப்பு நீரே இல்லாத எனக்கும் தம்பிக்கும் சேர்த்துத்தான். 'அவரு முன்னால நீங்க குடிச்சா அவருக்கு ஆசை வராதா' என்பது அம்மாவின் நியாயம். வந்த சொந்தக்காரர்கள் எங்கள் வீட்டுத் தேத்தண்ணியைப் பாதியில் வைத்துவிட்டு, அவசர வேலை இருக்கிறது என்று கிளம்புவார்கள். அப்பா சாயங்காலம் லோரியை விட்டு இறங்கினதும் அம்மா சட்டையை மோந்து பார்ப்பாள். மற்ற வீட்டுப் பெண்டாட்டிமார் புருஷன் சட்டையில் என்னென்னவோ வாசம் தேடுவார்கள். எங்கள் வீட்டில் தேடியது வாத்து. பல நாள் கண்டுபிடித்தும் இருக்கிறாள். அப்போது அப்பா முகத்தைப் பார்க்க வேண்டுமே, பள்ளிக்கூடத்துக்கு மட்டம் போட்டுப் பிடிபட்ட பையன் தோற்றான்.

கடைசியில் காலில் புண் வந்து, லோரி போய், கட்டிலோடு கிடந்தார். அப்போதும் கேட்டார். அந்த சாஸோடு ஒரு துண்டு போதும் என்றார். சீனி எறங்கட்டும், வாங்கித் தரேன் என்று அம்மா சொன்னாள். சீனி இறங்கவில்லை. அப்பா போய்விட்டார்.

அழுததெல்லாம் அழுது முடித்த பிறகும் அம்மாவுக்கு இந்த ஒன்று மட்டும் தீரவில்லை. துணி மடித்துக்கொண்டிருப்பாள், திடீரென்று, கேட்ட மனுசனுக்கு ஒரு துண்டு குடுக்காம அனுப்பிட்டேனே என்பாள். பசார் மாலாம் என்கிற இரவுச் சந்தைக்குப் போனால் வாத்துக் கடை இருக்கும் வரிசைப் பக்கமே திரும்ப மாட்டாள். நீங்கள் நல்லதுக்குத்தானே செய்தீர்கள் என்று நாங்கள் எத்தனையோ சொல்லிவிட்டோம். அது எனக்குத் தெரியும், அவருக்குத் தெரிஞ்சிச்சான்னு தெரியலையே என்பாள். அதனால் வருஷப் படையலுக்கு வாத்து என்று அவள் சொன்னபோது நானும் தம்பியும் மறுபேச்சுப் பேசவில்லை.

மறுபேச்சு வந்தது வேறு இடத்தில். தம்பி ஏர்கோன் பழுது பார்க்கிறவன், சுருக்கு வழி இருந்தால் அவன் கண்ணில்தான் முதலில் படும். அதே சீனர் கடையில் வாங்கி வந்துவிட்டால் வேலை முடிந்தது லா, அப்பாவும் பழகின ருசி என்று சந்தோஷப்படுவார் என்றான். அம்மா அவனைப் பார்த்த பார்வையில் அவன் ஓர் அடி பின்னால் போனான். கடைக்காரன் ருசி பார்த்த சாஸ் எச்சில், எச்சிலைக் கொண்டுவந்து அப்பனுக்குப் படைக்கச் சொல்கிறாயா என்று கேட்டாள். என் தட்டில் மிச்சம் வைத்த தோசையை ஆயுசு முழுக்கத் தின்ற மனிதர் எங்கள் அப்பா. எச்சில் என்று அவர் எதையும் ஒதுக்கி நான் பார்த்ததே இல்லை. சொல்ல வாய் வந்தது, அடக்கிக்கொண்டேன்.

சரி, வாத்தை வீட்டில் வாட்டுவோம், சாஸ் மட்டும் சூப்பர்மார்க்கெட்டில் போத்தலில் வாங்கலாமே என்று தம்பி அடுத்த வழியைப் பிடித்தான். ஃபேக்டரியிலும் எவனாவது நக்கிப் பார்த்துத்தான் போத்தலில் அடைத்திருப்பான் என்றாள் அம்மா. நான் ஃபேக்டரியில் வேலை செய்கிறவள். மறுக்க முடியவில்லை.

ஆகக் கடைசியில் வீட்டிலேயே எல்லாம் என்று ஆயிற்று. பழத்துக்கு அன்னாசி. கூடவே அசாம்போய், அதுதான் பிள்ளைகள் வாயில் போட்டுச் சப்புமே, உப்பும் புளிப்புமாகக் காய்ந்த சீனத்துப் பழம். இரண்டையும் வேகவைத்து மசித்து, இஞ்சியும் பூண்டும் வினிகரும் சேர்த்து, சீனி போட்டு இறுக்கினால் கடை சாஸ் மாதிரியே வரும் என்று தம்பியின் கைபேசி சொன்னது. அம்மா கேட்டுக்கொண்டாள். நல்லா இனிக்கணும், அவர் விரலு ஒட்டணும் என்றாள்.

வாத்துக்குத் தம்பி பொறுப்பு. முதல் நாளே கொதிக்கும் தண்ணீரைத் தோலில் ஊற்றி, கிச்சாப் என்கிற கறுப்பு சோயா சாஸும் மசாலைத் தூளும் தடவி, தோல் காய வேண்டும் என்று கார் நிறுத்தும் இடத்தில் துணிக் கொடியில் தொங்கவிட்டான். அதோடு விட்டானா, வீட்டிலிருக்கிற நல்ல காத்தாடியைக் கொண்டுபோய் அதன் முன்னால் வைத்து முழு வேகத்தில் திருப்பிவிட்டான். உள்ளே நான் வியர்வை சொட்டச் சொட்ட வெங்காயம் உரிக்கிறேன், வெளியே வாத்து காற்று வாங்குகிறது. பக்கத்து வீட்டு மலாய் அக்கா வேலிக்கு மேலே எட்டிப் பார்த்துவிட்டு, உங்க வாத்துக்குக் காய்ச்சலா என்று கேட்டார். அவருடைய பூனையும் வந்து எதிரே உட்கார்ந்துகொண்டது. தம்பி ஒரு நாற்காலி போட்டுப் பூனைக்கும் வாத்துக்கும் நடுவில் காவல் இருந்தான். வேலைக்குக்கூட அவன் இவ்வளவு நேரம் ஓரிடத்தில் உட்கார்ந்திருப்பானா என்பது சந்தேகம்.

மறுநாள் காலையில் சாஸ் ஆரம்பித்தது. அன்னாசி வீட்டுக்குப் பின்னால் காய்த்தது. அம்மா கைப்பட நட்டது என்பதால் அதுதான் வேண்டும் என்றாள். பழத்தைச் சீவிக் கொடுத்தது நான். கையில் பட்ட சாறே சுருக்கென்றது. ருசி பார்க்கக் கூடாது என்பதால் அது எவ்வளவு புளிப்பு என்று தெரியவில்லை. சட்டியில் போட்டாள், மசித்தாள், கிண்டினாள்.

எங்கள் கவலை எல்லாம் உப்பில் இருந்தது. அசாம்போயிலேயே உப்பு இருக்கிறதே, மேலே எவ்வளவு போடுவது? அம்மா பிறவியிலிருந்து கைக்கணக்குதான், ஆனால் அந்தக் கைக்கு அசாம்போய் புதுசு. தம்பி கைபேசியைப் பார்த்து அரைக் கரண்டி என்றான். கைபேசிக்காரன் வீட்டுக் கரண்டி என்ன அளவோ, நம் கரண்டி குழம்புக் கரண்டி ஆயிற்றே என்றேன் நான். ஒரு சொட்டு நாக்கில் வைத்தால் முடிந்துவிடுகிற விஷயத்துக்கு மூன்று பேர் மாநாடு. தம்பி மெல்ல சட்டிக்கு மேலே குனிந்து மூச்சை இழுத்தான். மூக்காலேயும் தின்னக் கூடாது, மோந்து பாத்தாலும் எச்சில்தான் என்று அம்மா கரண்டியை ஓங்கினாள். சட்டை மோந்து பார்த்த காலத்தில் இந்தச் சட்டம் எங்கே போயிருந்தது என்று கேட்டேன். அம்மா என்னை அடுப்படியை விட்டே விரட்டினாள். தம்பியையும் விரட்டினாள். அப்புறம் அவள் தனியாக நின்று கிண்டி இறக்கினாள். கதவோரம் நின்று உப்பு பார்த்துப் போடுங்கம்மா, உப்பு என்று நாங்கள் இரண்டு பேரும் கத்திக்கொண்டிருந்தோம்.

வாத்து நன்றாக வந்ததென்று சொல்ல வேண்டும். தோல் சிவந்து மொறுமொறுவென்று, கடைக்கே வைக்கலாம். தம்பி அதை எடுத்த அத்தனை படம் எங்கள் யாருடைய கல்யாணத்திலும் எடுத்திருக்க மாட்டார்கள். மத்தியானம் அப்பா படத்துக்கு முன்னால் வாழையிலை விரித்தோம். சோறு, ஆட்டுக்கறி, கோலா சுங்கை பாருவிலிருந்து சித்தப்பா கொடுத்தனுப்பிய மீன், அப்பா குடிக்கும் கறுப்பு பீர் ஒரு போத்தல். நடுவில் வாத்து, அதன் மேல் பளபளவென்று சாஸ். சித்தப்பா கொடுத்தனுப்பியதோடு சரி, வர முடியவில்லை, அதனால் நாங்கள் மூன்று பேர்தான். சூடம் காட்டி விழுந்து கும்பிட்டோம். அவர் வந்து சாப்பிடட்டும் என்று கதவைச் சாத்திவிட்டு வாசலில் போய் நின்றோம். இந்நேரம் மொதல்ல எதத் தொட்டிருப்பாரு என்று அம்மா கேட்டாள். சாஸைத்தான் என்றோம் இரண்டு பேரும். அம்மா சிரித்தாள். ஒரு வருஷத்துக்குப் பிறகு அவள் அப்படிச் சிரித்து அன்றுதான் பார்த்தேன்.

கதவைத் திறந்து, தனியாக எடுத்து வைத்திருந்ததை எங்களுக்குப் பரிமாறினாள். ஒரு துண்டை சாஸில் முக்கி முதலில் அவளே வாயில் வைத்தாள். மெல்லுவதை நிறுத்தினாள். தம்பி ஒரு வாய் வைத்துவிட்டு, கறி நன்றாக வெந்திருக்கிறது என்றான். சாஸைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. நான் வைத்தேன். புளிப்பு பல் கூசி, காது வரைக்கும் ஏறியது. கண் தானாக மூடிக்கொண்டது. உப்பு? உப்பு கச்சிதமாக இருந்தது.

"சீனி போடல," என்றாள் அம்மா.

மறந்தது என்றுகூடச் சொல்ல முடியாது. அத்தனை வருஷம் அவருக்குச் சமைத்த கை, அவருக்கு என்று சட்டியை வைத்ததும் தன் பாட்டுக்குச் சீனியை விட்டுவிட்டது. ருசி பார்த்திருந்தால் தெரிந்திருக்கும். நாங்களும் உப்பு உப்பு என்று கத்தினோமே தவிர, சீனியைப் பற்றி ஒருத்தரும் வாயைத் திறக்கவில்லை.

அப்பாவுக்குப் புளிப்பும் பிடிக்கும்மா என்றான் தம்பி. பச்சைப் பொய். எனக்கோ வாய் சும்மா இருக்காது. வந்த மனுஷனை இங்கேயும் பத்தியச் சாப்பாடு போட்டு அனுப்பிவிட்டீர்களே என்று வழக்கம்போல் கிண்டலாகச் சொல்லிவிட்டேன். அவள் சிரிப்பாள் என்று நினைத்தேன். அம்மா அப்படியே இலைக்கு முன்னால் உட்கார்ந்து அழுதாள். சத்தம் போட்டு, சின்னப் பிள்ளை அழுகிற மாதிரி அழுதாள். தம்பி அவள் தோளைப் பிடித்துக்கொண்டான். எனக்கு என் நாக்கைப் பிடுங்கிப் போடலாம் போலிருந்தது.

கொஞ்ச நேரம் கழித்து முகத்தைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். அடுப்படிக்குப் போய் சாஸுக்கென்று வாங்கி வந்த சீனிப் பொட்டலத்தைப் பிரித்து எடுத்து வந்தாள். சூடம் காட்டிய பிறகு இலையில் எதையும் சேர்க்கக் கூடாது. அதை எங்களுக்குச் சொல்லி வளர்த்ததே அவள்தான். அப்பா இலையிலிருந்த வாத்தின் மேல் ஒரு கரண்டி சீனியைப் பரவலாகத் தூவினாள். இன்னொரு கரண்டி. தூவிவிட்டு அவர் படத்தைப் பார்த்து, வீட்டில் அவரைச் சாப்பிடக் கூப்பிடும் அதே குரலில் சொன்னாள்.

"சாப்புடுங்க. இனிமே உங்களுக்குச் சீனி ஏறாது."

சொல்லிவிட்டு மூன்றாவது கரண்டியும் போட்டாள்.