கறுப்பு வெள்ளையில் அவள் எங்கள் நிறம்

ஜப்பான்காரர் கீறிய அந்தக் கார்ட்டூனில் எனக்கு முதல் நாளே சந்தேகம். ஜப்பானில் கீறிய பெண்ணுக்கு ஏன் ஜப்பான் முகம் இல்லை? ஏன் அமெரிக்காக்காரி மாதிரிப் பேசுகிறாள்? ஆனால் என் மகளுக்கு அவள் என்றால் உயிர். ஊரைவிட்டு வந்து கிளேட்டனில் நாங்கள் இருந்த வீட்டில் கறுப்பு வெள்ளை டிவிதான். எங்கள் போட்டோக்களில் நாங்கள் தெரிகிற அதே சாம்பல் நிறத்தில் அவளும் தெரிவாள். "அவ எங்கட நிறம் அம்மா" என்று மகள் முடிவு கட்டிவிட்டாள்.

பக்கத்து வீட்டு வெள்ளைக்காரி கலர் டிவி வாங்கியதும் அதில் அந்தக் கார்ட்டூனைப் பார்க்க எங்களை வரச்சொன்னாள். இவ்வளவு நாளும் வேலிக்கு மேலால் தலையை மட்டும் ஆட்டியவள் ஏன் இப்போது கூப்பிடுகிறாள் என்று யோசித்துக்கொண்டேதான் போனேன்.

கலரில் அந்தப் பெண் ரோஸ் நிறம். அவளுடைய ஆட்கள் எல்லாரும் அப்படியே. மண்ணிறத்தில் ஒரே ஒருவன்தான் இருந்தான். தடித்த உதடு, கடத்தல்காரன். கலர் இன்னும் சரிவரவில்லை என்று வெள்ளைக்காரி அவசரமாக எழுந்து குமிழைத் திருகினாள். எல்லாரும் பச்சையானார்கள். எங்களுக்காகச் சமாளித்தாளா, தனக்காகவா என்று இன்றும் எனக்குத் தெரியாது.

அடுத்த வருடம் நாங்களும் கலர் டிவி வாங்கினோம். அந்தக் கார்ட்டூன் தொடங்கியதும் மகள் எழுந்துபோய்க் கலரை முழுதாகக் குறைத்துக் கறுப்பு வெள்ளையாக்கினாள்.

"இதுக்கோ கலர் டிவி வாங்கினது?" என்று கத்தினேன்.

"கலர் இருந்தா ஆர் கள்ளன் எண்டு முதலே தெரிஞ்சிடும் அம்மா" என்றாள்.