வண்ணவாரியாகச் சுற்றிய நெகட்டிவ்

1. அவசரம்

நியூ ஜெர்சியில் ஒரு ஃபிலிம் லேபில் வேலை பார்த்தபோது, 1996இல், என் தொழிலிலேயே பெரிய தப்பைச் செய்தேன். சென்னையில் ஒன்பது வருடம் நெகட்டிவ் கட்டிங், அதாவது படச்சுருளை வெட்டி ஒட்டும் வேலை, பார்த்தவள் என்ற திமிர் எனக்கு நிறையவே இருந்தது.

மரியா என்ற எழுபது வயது அம்மாள் ஒரு தகர டப்பாவோடு வந்தார். அவருடைய அம்மா இத்தாலியில் மௌனப்பட நடிகை. தொப்பிக் கடையில் வேலைக்கு நின்ற பெண், ஆறே வருடத்தில் கதாநாயகி ஆனார். கல்யாணமானதும் கப்பலேறி வந்து, கடைசிவரை இங்கே துணி மில்லில் உழைத்தார். நடித்ததைப் பற்றி வீட்டில் வாயே திறக்கவில்லை. மிஞ்சியது இந்த ஒரு படத்தின் நெகட்டிவ்தான். மரியாவுக்கோ பார்வை மங்கிக்கொண்டிருந்தது. குளிர்காலம் வரை தாங்கினால் அதிகம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அதற்குள் அம்மாவைத் திரையில் பார்க்க வேண்டும்.

எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. டப்பாவில் சின்னச் சின்னச் சுருள்கள். ஒவ்வொன்றின் முனையிலும் பென்சிலில் ஒரு எண். ஏதோ ஸ்டோர் நம்பர் என்று அந்த முனைகளை வெட்டியெடுத்துவிட்டு, இருந்த வரிசையிலேயே ஒட்டி, திரையில் ஓட்ட அதிலிருந்து ஒரு பிரிண்ட் போட்டேன். லேட் ஆகும் என்று பிரிட்ஜ்வாட்டரில் இருந்த எங்கள் வீட்டுக்குப் போன் செய்தேன்.

"டேகேர்ல குழந்தைய நான் பிக்கப் பண்ணிக்கறேன். ஆனா நீ ஏன் இப்படிப் பறக்கற? ஒரு தடவ முழுசா ஓட்டிப் பாத்துட்டுக் குடேன்" என்றார் கணவர். நான் கேட்கவில்லை.

2. முதல் காட்சி

திரையில் நாயகி செத்தாள். அடுத்த நிமிடம் பால்கனியில் நின்று காதலனைப் பார்த்துச் சிரித்தாள். பிறகு விதவையாக அழுதாள், கடைசியில் கல்யாணம். மரியா கைப்பையை எடுத்துக்கொண்டு எழுந்தார். அவர் ஆங்கிலத்தில் சொன்னது இதுதான்: "இதை விட்டுட்டு வந்ததுல எங்கம்மாவுக்கு ஒரு நஷ்டமும் இல்ல."

அந்த நடிகையை நான்தான் கோமாளி ஆக்கியிருந்தேன் என்று தோன்றியது. படத்தை நானே மறுபடி ஓட்டினேன். இரவுக் காட்சிகள் எல்லாம் முதலில், வீட்டுக்குள் நடப்பவை எல்லாம் அடுத்து. அப்போதுதான் உறைத்தது. அந்தக் காலத்தில் பிரிண்டைச் சாயத்தில் முக்குவார்கள், இரவுக்கு நீலம், விளக்கு வெளிச்சத்துக்கு மஞ்சள். ஒரே சாயம் ஏற வேண்டிய காட்சிகளை நெகட்டிவில் சேர்த்தே சுற்றி வைப்பார்கள். கதையின் வரிசை அந்தப் பென்சில் எண்களில்தான் இருந்தது.

3. இரண்டாம் காட்சி

வெட்டிய துண்டு எதையும் குப்பையில் போடாதது சென்னைப் பழக்கம். அவற்றைப் போட்டு வைத்த பையில் இருந்த ஒவ்வொரு முனையிலும் படத்தின் ஒரு ஃப்ரேம் ஒட்டிக்கொண்டிருந்தது. அதை அந்தந்தக் காட்சியோடு பொருத்தி, எண் வரிசைப்படி மூன்று வாரத்தில் மறுபடி அடுக்கினேன். மரியாவிடம் போனில் மன்னிப்புக் கேட்டு, கெஞ்சி வரவழைத்தேன்.

அதற்குள் நேராகப் பார்த்தால் அவருக்கு எதுவும் தெரியவில்லை. முகத்தைப் பக்கவாட்டில் திருப்பி, ஓரக்கண்ணால் பார்த்தார். பால்கனி, கல்யாணம், கறுப்பில் ஒரு விதவை உடை, கடைசியில் சாவு. சாகும் இடத்தில் நாயகி கையைக்கூட அசைக்கவில்லை, கண்ணாலேயே முடித்துவிட்டாள். விளக்கைப் போட்ட பிறகும் மரியா எழவில்லை.

"இதையா விட்டுட்டு வந்தா எங்கம்மா?" என்றார்.

இந்தத் தொழிலுக்கு வருபவர்களிடம் நான் சொல்வது ஒன்றுதான்: முன்னால் வேலை செய்தவன் எழுதி வைத்ததைப் படித்துவிட்டுக் கத்திரியைத் தொடுங்கள். அந்த மூன்று வாரத்தை நான் தொலைக்காமல் இருந்திருந்தால், மரியா தன் அம்மாவை நேருக்கு நேர் பார்த்திருப்பார்.