பதினோரு பேர் கூலிக்கு ஒரு மனு

நான் எழுதிய முதல் மனு, 'இப்படிக்கு, தங்கள் கீழ்ப்படிதலுள்ள மாணவி' என்று முடிந்தது. பெறுநர், வங்கி மேலாளர். அனுப்புநர், என் அம்மா. அப்போது நான் ஆறாம் வகுப்பு. லீவ் லெட்டர் தவிர வேறு எதுவும் எழுதிப் பழக்கமில்லை.

அம்மா நடவு செட்டுக்குத் தலைவி. பூதலூரைச் சுற்றி, ஏக்கருக்கு இவ்வளவு என்று பேசி நடவு எடுப்பார்கள். வயல்காரர்கள் போனிலேயே பணம் போடப் பழகிவிட்டிருந்தார்கள். பதினோரு பெண்களின் கூலியும் அம்மா கணக்கில் விழும். சனிக்கிழமை எடுத்துப் பிரித்துக் கொடுப்பாள். அந்தச் சனிக்கிழமை பணத்தை எடுக்க முடியவில்லை. வங்கியில் கணக்கை முடக்கியிருந்தார்கள்.

காரணம் மாமா. அதே வங்கியில் அவர் லோடு வண்டி வாங்கிய கடனுக்கு அம்மா ஜாமீன் கையெழுத்துப் போட்டிருந்தாள். என்னை மடியில் வைத்துக் காது குத்தி, தோடும் சீருமாக வந்து நின்ற தம்பி அடுத்த மாதமே கையெழுத்துக் கேட்டால் எந்த அக்காவால் மறுக்க முடியும்? வண்டி திருப்பூருக்குப் போனது. தவணைதான் வங்கிக்குப் போகவில்லை.

"என்னக்கா, தம்பி வண்டியில எங்க கூலியும் ஏறிப் போயிருச்சா?" என்று செட்டில் வாய் நீளமான சித்தி வாசலில் நின்று கேட்டாள். கூட வந்தவர்கள் சிரித்தார்கள். அம்மா சிரிக்கவில்லை. கூலி கொடுக்காதவளை நம்பி மறுநாள் யார் வயலில் இறங்குவார்கள்?

வங்கியில் ஒரே பதில்: "உங்க தம்பியைக் கட்டச் சொல்லுங்க." அம்மா என்னையும் இழுத்துக்கொண்டு தஞ்சாவூர் கோர்ட்டில் இருந்த இலவச சட்ட உதவி மையத்துக்குப் போனாள்.

"பணம் கட்டச் சொல்லி உங்க பேருக்கு நோட்டீஸ் வந்துச்சா?" என்றார் அங்கிருந்த வக்கீலம்மா. வரவில்லை. "ஜாமீன் போட்டா நீங்களும் கடன்காரர்தான், அந்தப் பொறுப்பு போகாது. ஆனா உங்களைக் கேக்காமலே கணக்கை முடக்குனது தப்பு. கூலி விவரத்தோட எழுதிக் குடுங்க, நகல்ல சீல் வாங்குங்க. ஒரு மாசத்துல பதில் வரலேன்னா வங்கிக் குறைதீர்ப்பாளர்கிட்ட போவோம். நீங்க கட்டுற பணத்தைத் தம்பிகிட்ட வசூல் பண்ணவும் உங்களுக்கு உரிமை இருக்கு."

கடைசி வாக்கியம் மட்டும் அம்மா காதில் விழவில்லை போலிருந்தது.

அன்று சாயங்காலம் அவள் சொல்லச் சொல்ல எழுதினேன். பதினோரு பேர், யார் யார் எந்த வயலில் எத்தனை நாள், எவ்வளவு கூலி, எதிரே கையெழுத்து அல்லது கைநாட்டு. கூலி நோட்டைப் பார்க்காமலே ஒப்பித்தாள்.

மறுநாள் வங்கியில் மேலாளர் மனுவைப் படித்துக்கொண்டே வந்து கடைசி வரியில் நின்றார். "யாரும்மா இந்த மாணவி?"

"எம் பொண்ணு சார். அந்த வரி மட்டும் அவளுது. மேல இருக்கறதெல்லாம் என்னுது."

"சரி, வச்சிட்டுப் போங்க. பாக்குறோம்."

"நகல்ல சீல் போட்டுக் குடுங்க சார்."

"அதுக்கெல்லாம் நேரமாகும்மா."

"ஆகட்டும் சார். நாளெல்லாம் சேத்துல குனிஞ்சு நிக்கிறவங்க நாங்க. இங்க நிமிந்துதானே நிக்கணும்."

சீல் விழுந்தது.

ஒன்பதாம் நாள் கூப்பிட்டுவிட்டார்கள். கணக்கைத் திறந்தாயிற்று. அன்றே கூலி முழுவதும் கைமாறியது. சித்தி இரண்டு முறை எண்ணிப் பார்த்துவிட்டு, "அடுத்த நடவு எங்கக்கா?" என்றாள்.

வங்கியையே ஜெயித்தவள் என் அம்மா என்று பள்ளிக்கூடத்தில் ஒரு வாரம் பீற்றிக்கொண்டு திரிந்தேன். கணக்கு திறந்த அன்று அம்மா இன்னொரு தாளையும் அங்கே கேட்டு வாங்கினாள். மேலாளரை இரண்டு தரம் வாசிக்கச் சொல்லிக் கேட்டு, என் பேனாவால் கையெழுத்துப் போட்டாள். அவர் வாசித்த சட்டத் தமிழ் எனக்கு விளங்கவில்லை; வங்கிக்காரர்கள் தோற்றதை எழுதிக் கொடுக்கிறார்கள் என்றே நினைத்தேன். மாமாவின் பாக்கித் தவணைகளைத் தன் பங்குக் கூலியிலிருந்து தானே கட்டுவதாக அதில் எழுதியிருந்தது அப்போது எனக்குத் தெரியாது. "கையெழுத்து நேரா இருக்கும்மா" என்று பாராட்டினேன்.